கல்கி ரசிகர்களும் பறைச்சேரிக் கல்வெட்டும்

ஆரணியில் எங்கள் வாசிப்பு வட்டம் ஞாயிற்றுக்கிழமை மாலைகளில் கூடுகிறது. பதினைந்து பேர் வந்தாலே கூட்டம் நிறைந்தது போலத்தான். கல்லூரியில் படிக்கிறவர்கள், படித்துவிட்டு வேலை தேடுகிறவர்கள், தறிக்குழியிலிருந்து எழுந்து முகம் கழுவிக்கொண்டு வருகிறவர்கள். போன மாதம் ஆங்கில இலக்கியம் படிக்கும் தம்பி ஒருவன் ஒரு சொல்லோடு வந்தான். 'ஜேனைட்.' ஜேன் ஆஸ்டின் என்ற நாவலாசிரியர் மேல் தீராத பிரியம் கொண்டவர்களை ஆங்கிலத்தில் அப்படித்தான் சொல்வார்களாம். "அண்ணா, தமிழ்ல ஒரு எழுத்தாளர் பேரைச் சொல்லியே ஒரு கூட்டத்தை அடையாளம் காட்ற மாதிரி எதுனா இருக்கா?" என்று கேட்டான். மூன்று பேர் ஒரே நேரத்தில் பதில் சொன்னார்கள்: "கல்கி ரசிகர்."

அன்றைக்கு அதற்குமேல் வேறு எதையும் பேச முடியவில்லை. பேசியதில் பாதி சண்டை. எங்களுக்குள்ளேயே கல்கி ரசிகர்கள் இருக்கிறார்கள் என்பது அன்றுதான் தெரிந்தது. தலித் மாணவர்கள் நடத்தும் வட்டத்தில், 'பொன்னியின் செல்வன்' ஐந்து பாகத்தையும் மூன்று முறை படித்தவன் ஒருவன் கோபத்தோடு எழுந்து நின்றான். அவனையும் மனதில் வைத்துக்கொண்டுதான் இதை எழுதுகிறோம்.

முதலில் அந்த ஆங்கிலச் சொல். ஜேன் ஆஸ்டின் 1775இல் பிறந்து 1817இல் இறந்தவர். ஜார்ஜ் செயின்ட்ஸ்பரி என்ற விமர்சகர் 1894இல் அவருடைய நாவல் ஒன்றுக்கு முன்னுரை எழுதும்போது இந்தச் சொல்லை அச்சேற்றினார். அது பெருமைச் சொல்லாகத்தான் பிறந்தது. பிறகு ரட்யார்ட் கிப்ளிங், முதல் உலகப்போரின் பீரங்கிப் படையில் ஆஸ்டின் நாவல்களைத் தெரிந்தவர்கள் ஒரு ரகசியச் சங்கம் போல ஒருவரையொருவர் அடையாளம் கண்டுகொள்வதாக ஒரு கதை எழுதினார். 1924இல் வெளிவந்த அந்தக் கதைக்குத் தலைப்பே இந்தச் சொல்தான். நாவலைத் தெரிந்தவன் உள்ளே, தெரியாதவன் வெளியே. சொல் வேலை செய்யும் விதத்தைக் கிப்ளிங் சரியாகவே பிடித்திருக்கிறார். (கிப்ளிங் யார், நம்மைப் போன்ற நாடுகளைப் பற்றி என்ன எழுதினார் என்பது வேறு கதை.)

நம் சொல்லுக்கு வருவோம். ரசிகர் என்பது கச்சேரி மேடைக்கு முன்னால் உட்கார்ந்திருந்தவர்களின் சொல். ரசம் அறிந்தவர், சுவை அறிந்தவர். டி.கே. சிதம்பரநாத முதலியாரை 'ரசிகமணி' என்றே தமிழ்நாடு அழைத்தது. அவர் வீட்டு வட்டத்தொட்டியில் கம்பனைச் சுவைக்கக் கூடியவர்களில் கல்கியும் ஒருவர். கல்கியே ஆனந்த விகடனில் 'கர்நாடகம்' என்ற பெயரில் கச்சேரிகளைப் பற்றியும் நாட்டியத்தைப் பற்றியும் எழுதிக் குவித்தவர். ஆக, கல்கி ரசிகர் என்ற சொல் உருவாவதற்கு முன்பே கல்கி ஒரு பெரிய ரசிகர். அந்தச் சபாக்களில் யார் உட்கார்ந்தார்கள், யாருக்கு இடம் கிடைக்கவில்லை என்பதைத் தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. பிறகு அந்தச் சொல்லைச் சினிமா எடுத்துக்கொண்டது. ரசிகர் மன்றம் வந்தது, கொடி வந்தது, கட்அவுட்டுக்குப் பால் வந்தது. 2022 செப்டம்பர் 30 அன்று மணிரத்னத்தின் படம் வெளிவந்தபோது சபா ரசிகரும் மன்றத்து ரசிகரும் ஒரே வரிசையில் நின்றார்கள். எங்கள் ஊர்ப் பக்கம் கடைகளில் குந்தவை, நந்தினி பெயர்களைச் சொல்லிப் பட்டுப்புடவை காட்டினார்கள்.

இதில் எதையும் நாங்கள் கிண்டல் செய்யவில்லை. 1950இல் தொடங்கி மூன்றரை ஆண்டுகள் வாராவாரம் வந்த ஒரு தொடரை, எழுதியவர் 1954இல் இறந்து இத்தனை காலம் ஆன பிறகும் மக்கள் கைவிடவில்லை என்றால் அதில் சரக்கு இருக்கிறது. எங்கள் அம்மாக்களில் சிலர் எழுத்துக் கூட்டிப் படிக்கப் பழகியதே வார இதழ்த் தொடர்களில்தான். 1999இல் கல்கியின் நூல்கள் நாட்டுடைமை ஆன பிறகு மலிவு விலையில் எல்லாப் பதிப்பகங்களும் அச்சிட்டன. சேரி வரைக்கும் புத்தகம் வந்தது. பொன்னியின் செல்வன் வரலாற்றுப் பேரவை என்று கூடியவர்கள் வந்தியத்தேவன் குதிரையில் போன வழியைத் தேடிப் பயணம் போனார்கள். அவர்களில் சிலர் நாவலோடு நிற்காமல் கோயில் சுவர்களில் கல்வெட்டுப் படிக்கவும் கற்றுக்கொண்டார்கள். ரசனை ஒரு மனிதரை எவ்வளவு தூரம் கூட்டிப்போகும் என்பதற்கு அது நல்ல சாட்சி. நாங்கள் கேட்பதும் அந்தத் தூரம் போகச் சொல்லித்தான்.

ஆனால் எல்லோரும் போகவில்லை. சிலர் வாசலிலேயே நின்று காவல் காக்கத் தொடங்கிவிட்டார்கள்.

2019 ஜூன் 5. கும்பகோணம் பக்கம் திருப்பனந்தாளில் நடந்த கூட்டத்தில் இயக்குநர் பா. ரஞ்சித், ராஜராஜ சோழன் காலம் தலித் மக்களுக்குப் பொற்காலம் அல்ல, இருண்ட காலம் என்றும் நிலம் பறிபோனது அப்போதுதான் என்றும் பேசினார். அடுத்த சில நாட்களில் நடந்தது உங்களுக்கு நினைவிருக்கும். வழக்குப் பதிந்தார்கள். முன்ஜாமீனுக்காக அவர் உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்குப் போக வேண்டியிருந்தது. ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் செத்துப்போன ஒரு மன்னனைப் பற்றிக் கருத்துச் சொன்னதற்கு! 2021இல் நீதிமன்றம் அந்த வழக்கை ரத்து செய்தது. ஆனால் அவரைச் சமூக வலைத்தளங்களில் திட்டியவர்களின் வாதங்களைத் திரும்பப் படித்துப் பாருங்கள். பெரும்பாலானவர்கள் கல்வெட்டைக் காட்டவில்லை. நீலகண்ட சாஸ்திரியைக்கூடக் காட்டவில்லை. அவர்கள் காட்டிய ராஜராஜன் அருள்மொழிவர்மன். பொன்னி நதியில் விழுந்த குழந்தை. தனக்கு வந்த மகுடத்தை இன்னொருவர் தலையில் வைத்த தியாகி. கல்கியின் பாத்திரத்துக்காக இந்தியத் தண்டனைச் சட்டத்தில் ஒருவர் மேல் வழக்கு. கல்கி இருந்திருந்தால் அவரே சங்கடப்பட்டிருப்பார்.

ரஞ்சித் சொன்ன ஒவ்வொரு சொல்லும் அப்படியே நிற்குமா என்பது ஆய்வாளர்கள் பேச வேண்டிய விஷயம். சேரியை ராஜராஜன் உருவாக்கவில்லை. அவனுக்கு முன்பே சாதி இருந்தது. ஆனால் அவன் 1010இல் கட்டி முடித்த அதே தஞ்சைப் பெரிய கோயிலின் சுவரில் என்ன இருக்கிறது என்று பார்க்க யாரிடமும் அனுமதி கேட்க வேண்டியதில்லை. கோயிலுக்கு வரும்படி தர வேண்டிய ஊர்களின் நிலக்கணக்கு அங்கே வெட்டப்பட்டிருக்கிறது. ஒவ்வொரு ஊரிலும் மொத்த நிலம் இவ்வளவு, அதில் வரி இல்லாத நிலமாகக் கழிக்க வேண்டியது இவ்வளவு. கழிக்கும் பட்டியலில் ஊர்நத்தம் வருகிறது, குளம் வருகிறது, வாய்க்கால் வருகிறது, கம்மாணச்சேரி வருகிறது, ஈழச்சேரி வருகிறது, பறைச்சேரி வருகிறது. தீண்டாச்சேரி என்ற சொல்லும் வருகிறது. சுடுகாடுகூட ஒன்றல்ல: வெள்ளான் சுடுகாடு வேறு, பறைச்சுடுகாடு வேறு. நொபோரு கராஷிமா போன்ற ஆய்வாளர்கள் இந்தச் சொற்களை எடுத்துவைத்து விரிவாக எழுதியிருக்கிறார்கள்.

இதைச் சொன்னதும் எங்கள் வட்டத்துக் கல்கி ரசிகன் எழுந்தான். "பறைச்சேரிக்கு வரி இல்லன்னுதான போட்டிருக்கு? அது சலுகை இல்லியா?" என்றான். நல்ல கேள்வி. இதே கேள்வியை முகநூலில் ஆயிரம் பேர் ஆயிரம் விதமாகக் கேட்டிருக்கிறார்கள், பதிலாகவும் எழுதியிருக்கிறார்கள். பட்டியலை முழுசாகப் பார்த்தால் விடை அதிலேயே இருக்கிறது. குளத்துக்கும் வரி இல்லை, வாய்க்காலுக்கும் வரி இல்லை, சுடுகாட்டுக்கும் வரி இல்லை. நெல் விளையாத இடத்திலிருந்து நெல் வாங்க முடியாது என்பதால் கழித்தார்கள். சுடுகாட்டுக்கு யாரும் சலுகை தருவதில்லை. அந்தக் கணக்கில் பறைச்சேரி ஒரு குடியிருப்பு. அதில் குடியிருந்தவர்கள் கணக்கின் மறுபக்கத்தில், வரி கட்டும் வயல்களில் இறங்கி நின்றிருக்க வேண்டும். அந்த நெல்தான் கோயிலுக்குப் போனது. கோயில் பணிக்கு வெவ்வேறு ஊர்த் தளிகளிலிருந்து கொண்டுவந்து தஞ்சையில் குடியமர்த்தப்பட்ட நானூறு பெண்களின் பெயர்களும் அதே சுவரில் இருக்கின்றன, வீட்டு வரிசையோடு. பறைச்சேரியில் இருந்தவர்களுக்கு அந்த அளவுக்குக்கூடப் பெயர் இல்லை.

அவன் அமைதியாக உட்கார்ந்தான். தோற்றுப்போன அமைதி இல்லை அது, யோசிக்கிற அமைதி. உடனே வேறொருத்தி கேட்டாள்: "கல்கி கதை எழுதினார், கணக்கா எழுதினார்? கதையில இதையெல்லாம் ஏன் தேடணும்?"

தேட வேண்டியதில்லை என்றே வைத்துக்கொள்வோம். கதையைக் கதையாகவே படிப்போம். ஆடிப்பெருக்கு அன்று வீரநாராயண ஏரிக்கரையில் கதை தொடங்குகிறது. அதன் எழுபத்து நான்கு கணவாய்களைக் கல்கி ஆசை ஆசையாகச் சொல்கிறார். எங்களுக்கும் அந்த அத்தியாயம் பிடிக்கும். ஆனால் அந்தக் கரைக்கு மண் சுமந்த கூடை யார் தலையில் இருந்தது? இரவில் மடை திறக்க இறங்கியது யார்? சேரியில் பிறந்து அந்த அத்தியாயத்தைப் படிக்கிறவருக்கு இந்தக் கேள்வி தானாக வரும். வரக் கூடாது என்று சொல்ல எந்த ரசிகருக்கும் உரிமை இல்லை.

அதே ஏரியை ஒட்டிய காட்டுமன்னார்கோயிலில், உடையார்குடிக் கோயில் கல்வெட்டு இருக்கிறது. ஆதித்த கரிகாலனைக் கொன்ற துரோகிகள் என்று சோமன், ரவிதாசன், பரமேசுவரன் ஆகியோரின் பெயரைச் சொல்லி, அவர்களைச் சேர்ந்தவர்களின் நிலத்தைப் பறிமுதல் செய்து விற்ற செய்தி அது. அதில் ரவிதாசனுக்குப் 'பஞ்சவன் பிரம்மாதிராசன்' என்ற பட்டம் உண்டு. பிராமண அதிகாரிகளுக்குத் தரப்பட்ட பட்டம். நாவலில் அவன் யார்? மந்திரவாதி ரவிதாசன். காட்டில், இருட்டில், ஆந்தைக் குரலோடு வருகிறவன். அரண்மனை அதிகாரி மந்திரவாதி ஆன அந்த மாற்றத்தைக் கவனித்தவர்கள் எத்தனை பேர்? கதாசிரியனுக்கு மாற்ற உரிமை உண்டு. எதை மாற்றினார் என்று பார்க்கிற உரிமை வாசகருக்கு உண்டு.

இன்னொன்று. (நாவலைப் படிக்காதவர்கள் இந்தப் பத்தியைத் தாண்டிப் போய்விடுங்கள், முடிச்சு அவிழ்கிறது.) சேந்தன் அமுதனை எல்லோருக்கும் பிடிக்கும். பூத்தொடுத்துக் கோயிலுக்குக் கொடுக்கிற ஏழை, வாய்பேச முடியாத தாயின் பிள்ளை, ஆசையில்லாதவன். கடைசியில் அவன்தான் உண்மையான மதுராந்தகன், செம்பியன் மாதேவி பெற்ற பிள்ளை என்று தெரியவருகிறது. அரண்மனையில் வளர்ந்து பேராசைப்பட்டவனோ ஊமைப் பெண்ணின் வயிற்றில் பிறந்தவன். சுவாரசியமான திருப்பம், மறுக்கவில்லை. ஆனால் அது சொல்லும் சேதி என்ன? குடிசையில் வளர்ந்தாலும் ராஜரத்தம் நல்லதாகவே இருக்கும். அரண்மனையில் வளர்த்தாலும் மற்ற ரத்தம் காட்டிக்கொடுத்துவிடும். இதைக் கல்கி திட்டமிட்டுச் செய்தார் என்று நாங்கள் சொல்லவில்லை. ராஜாஜியோடு திருச்செங்கோடு காந்தி ஆசிரமத்தில் இருந்தவர் அவர். 'தியாக பூமி'யில், சேரி மக்களுக்கு அடைக்கலம் கொடுத்ததற்காக ஊரால் ஒதுக்கப்படும் சம்பு சாஸ்திரியை எழுதியவர். அவருக்கு மனம் இருந்தது. ஆனால் அங்கேயும் கதை சாஸ்திரியின் தியாகத்தைத்தான் பின்தொடர்கிறது. அடைக்கலம் தேடி வந்தவர்களின் வீட்டுக்குப் போவதில்லை. பிறப்பே குணம் என்ற பொதுப்புத்தி நல்லவர்களின் கதைக்குள்ளும் சத்தமில்லாமல் வந்து உட்காரும். அதைச் சுட்டிக்காட்டினால் கல்கியை அவமதித்ததாக ஆகாது. அவரை முழுசாகப் படித்ததாக ஆகும்.

இந்தச் சிக்கல் நமக்கு மட்டும் வந்ததில்லை. ஆஸ்டினின் 'மான்ஸ்ஃபீல்ட் பார்க்' நாவலில் அந்தப் பெரிய வீட்டின் எஜமானுக்கு ஆண்டிகுவா தீவில் பண்ணை இருக்கிறது. அடிமைகளின் உழைப்பில் நடக்கும் பண்ணை. நாயகி ஒருமுறை அடிமை வணிகத்தைப் பற்றி வாய் திறந்து கேட்கிறாள். வீட்டில் யாரும் அந்தப் பேச்சைத் தொடரவில்லை. 1993இல் எட்வர்ட் சைத் இதை எடுத்து எழுதியபோது, எங்கள் ஜேனை விட்டுவிடு என்று பலர் பொங்கினார்கள். 2021இல், ஆஸ்டின் வாழ்ந்த சாட்டன் வீட்டு அருங்காட்சியகம், அவர் காலத்துத் தேநீருக்கும் சர்க்கரைக்கும் பின்னால் இருந்த அடிமை முறையைப் பற்றியும் பார்வையாளர்களுக்குச் சொல்லப்போவதாக அறிவித்தது. இங்கிலாந்துப் பத்திரிகைகளில் பெரிய கூச்சல். தேநீர்க் கோப்பையையும் விட்டுவைக்க மாட்டீர்களா என்றார்கள். திருப்பனந்தாளிலிருந்து சாட்டன் எத்தனை ஆயிரம் மைல்! கோபம் மட்டும் ஒரே அச்சு. ஆனால் ஒரு வித்தியாசம்: அங்கே அந்த அருங்காட்சியகத்தின் மேல் யாரும் போலீஸ் வழக்குப் போடவில்லை.

படம் வந்த அதே வாரத்தில் இங்கே நடந்த விவாதத்தையும் நினைத்துப் பாருங்கள். ராஜராஜனை இந்துவாக்குகிறார்கள் என்று வெற்றிமாறன் ஒரு மேடையில் சொன்னார். இந்துவா, சைவனா என்று தொலைக்காட்சிகள் நாள்கணக்கில் பேசின. எந்த மதம் என்று கேட்டவர்கள் யாரும் எந்தச் சேரி என்று கேட்கவில்லை. மன்னன் எங்கள் சாதி என்று சுவரொட்டி ஒட்டுகிற போட்டி தனியாக நடக்கிறது. அதில் நம் மக்களும் சேர்ந்துகொள்வதுதான் வேதனை. எங்கள் பக்கமும் விதிவிலக்கில்லை. நாவலில் சதி பேசும் சம்புவரையரின் பெயரைத் தாங்கிய மரபு, பிற்காலத்தில் ஆரணிக்குப் பக்கத்தில் படவேட்டிலிருந்து ஆண்டது. அந்தச் சம்புவரையர் யாருடைய மூதாதை என்று இன்றைக்கும் இங்கே மல்லுக்கு நிற்கிறார்கள். மன்னன் யாருக்கு மூதாதையாக இருந்தால் என்ன, தெருவில் செருப்புப் போட்டு நடக்க விட்டானா என்றுதான் எங்கள் தாத்தாக்கள் கேட்டிருப்பார்கள்.

அன்றைய கூட்டத்தில் கடைசியாகப் பேசியது கூலிக்கு நெய்கிற குடும்பத்துப் பெண். அதுவரை அவள் வாயே திறக்கவில்லை. "முகூர்த்தப் புடவைய கடையில விரிச்சா எல்லாரும் முந்தானையத்தான் பாப்பாங்க. எங்கம்மா பொரட்டிப் போட்டுப் பின்பக்கத்தப் பாப்பாங்க. எங்க இழை அறுந்துச்சு, எங்க முடிச்சுப் போட்டு ஓட்டுனாங்கன்னு அதுலதான் தெரியும். அதனால புடவை பிடிக்கலன்னு அர்த்தமா? எங்கம்மாவுக்குப் பட்டுன்னா உயிரு," என்றாள். அவள் அம்மாவிடம் சொந்தமாக ஒரு பட்டுப்புடவை இல்லை என்பதையும் சேர்த்துச் சொன்னாள், சாதாரணமாக.

சரி, பந்தை நம் பக்கம் திருப்புவோம். கல்கி ரசிகர்களைச் சொல்லிவிட்டு நாம் தப்பிக்க முடியாது. ஏப்ரல் 14 அன்று நம் கைப்பேசிகளைப் பாருங்கள். நீலக் கோட்டுப் படம், பின்னணியில் சினிமா இசை, சிங்கம். அந்தப் பதிவைப் போடுகிறவர்களில் 'சாதியை அழித்தொழித்தல்' படித்தவர்கள் எத்தனை பேர்? அண்ணல் அம்பேத்கர் 1943இல் புனேயில் ரானடே பற்றிப் பேசும்போதே தனிமனித வழிபாட்டை எச்சரித்தார். 1949 நவம்பர் 25 அன்று அரசியல் நிர்ணய சபையில், மதத்தில் பக்தி ஆன்ம விடுதலைக்கு வழியாக இருக்கலாம், அரசியலில் அது சீரழிவுக்கும் சர்வாதிகாரத்துக்கும்தான் வழி என்ற பொருளில் பேசினார். அவருக்கே நாம் ரசிகர் மன்றம் வைத்தால் அவரைப் படிக்கவில்லை என்றுதான் அர்த்தம். அவரை விமர்சித்து யாராவது எழுதினால் நாம் செய்வது என்ன? பதில் எழுதுகிறோமா, வழக்குப் போடச் சொல்கிறோமா? நேர்மையாக யோசித்துப் பாருங்கள், தோழர்களே.

ஜேனைட் என்ற சொல்லைக் கொண்டுவந்த தம்பி கேட்ட இன்னொரு கேள்வியும் பாக்கி இருக்கிறது. "பாமா ரசிகர், சிவகாமி ரசிகர்னு ஏன்ணா யாரும் சொல்றதில்ல?" 'பழையன கழிதலும்' 1989இல் வந்தது, 'கருக்கு' 1992இல். பேரணாம்பட்டிலிருந்து அழகிய பெரியவன் எழுதுகிறார். நம் வடாற்காட்டு மண், நம் பேச்சு. இவர்களுக்கு வாசகர்கள் உண்டு, ஆய்வேடுகள் உண்டு, பாடத்திட்டத்தில் இடம் உண்டு. ரசிகர்கள் இல்லை. பொதுச் சமூகம் நம் எழுத்தை வலியாக, சாட்சியமாக, ஆவணமாக எடுத்துக்கொள்கிறது, சுவையாக எடுத்துக்கொள்வதில்லை. 'கருக்கு'வில் எத்தனை இடத்தில் வாய்விட்டுச் சிரிக்கலாம் என்று எந்த ஆய்வேடும் சொல்வதாகத் தெரியவில்லை. அந்தச் சொல் நம் எழுத்தாளர்களுக்கு மறுக்கப்பட்டிருக்கிறது என்றால் அதைக் கேட்டு வாங்க வேண்டுமா, வேண்டாமா? எங்களுக்குள் இதில் இரண்டு கருத்து இருக்கிறது. சிலர் வேண்டும் என்கிறார்கள். கொண்டாட்டம் இல்லாமல் எந்த எழுத்தும் வீட்டுக்குள் நுழையாது என்கிறார்கள். மற்றவர்கள், வாசகர் என்ற சொல்லே போதும் என்கிறார்கள்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை மூன்று புத்தகங்களை வைத்துக்கொண்டு உட்காருவதாக முடிவு செய்திருக்கிறோம். பொன்னியின் செல்வன் முதல் பாகமான 'புது வெள்ளம்'. தஞ்சைக் கோயில் கல்வெட்டுகள் அடங்கிய தென்னிந்தியக் கல்வெட்டுகள் இரண்டாம் தொகுதியின் நகல். அழகிய பெரியவனின் 'தகப்பன் கொடி'. கல்வெட்டுப் பக்கங்களைச் சத்தமாகப் படிப்பது யார் என்று கேட்டபோது கை தூக்கியது, ஐந்து பாகத்தையும் மூன்று முறை படித்த அந்தத் தம்பிதான். ஊர்ப்பெயர்களை யாரும் தப்பாக உச்சரித்துவிடக் கூடாதாம்.